நெல் பூக்கும் வேளை

நெல் பூப்பதை நான் முதன்முதலில் பார்த்தது சென்னையில், ஒரு மாடி அறையில், சுவரில் கட்டியிருந்த வெள்ளைத் துணியில். இருபது பேர் இருந்திருப்போம். மின்விசிறியின் இரைச்சல் படத்தின் ஒலியைக் கெடுக்கிறது என்று அதையும் நிறுத்திவிட்டார்கள். புழுக்கத்தில் சட்டை முதுகோடு ஒட்டியிருந்தது. துணி முழுக்க ஒரே ஒரு நெல். நெல் என்றுகூடச் சொல்லக்கூடாது, உள்ளே இன்னும் அரிசி பிடிக்கவில்லை. பச்சை உமி இரண்டாகப் பிரிந்து மெல்ல வாய் திறந்தது. உள்ளேயிருந்து ஆறு மகரந்தத் தாள்கள் நூல் நூலாக நீண்டு வெளியே வந்தன. காற்றில் ஆடின, தூளை உதிர்த்தன. பிறகு உமி மூடிக்கொண்டது. உள்ளே திரும்ப முடியாத தாள்கள் வெளியிலேயே வாடித் தொங்கின.

நான் நெல் விளைகிற ஊரில் பிறந்தவன். கொரடாச்சேரிப் பக்கம், வெட்டாற்றுத் தண்ணீர் பாயும் ஊர். பதினெட்டு வயது வரை வரப்பில் நடந்திருக்கிறேன். “கதிர் வந்து பூத்திருக்கு” என்று வீட்டில் பேசிக்கொள்வது காதில் விழுந்திருக்கிறது. ஆனால் ஒருநாள்கூடக் குனிந்து பார்த்ததில்லை என்பது அந்த இருட்டில்தான் உறைத்தது. யாரோ ஒரு ஜப்பானியர், எங்கள் ஊர்ப் பெயரைக் கேள்விப்பட்டே இராதவர், எங்கள் வயலில் ஒவ்வொரு மார்கழியும் நடந்ததை எனக்குக் காட்டிக்கொண்டிருந்தார்.

அவர் பெயர் ஷின்சுகே ஒகாவா. படத்தின் பெயரைத் தமிழில் சொல்வதானால், ‘ஆயிரம் ஆண்டுத் தழும்புகள் செதுக்கிய சூரியக் கடிகாரம்’ என்று சொல்லலாம். 222 நிமிடம். 1986இல் முடித்த படம். யமகத்தா மாகாணத்தில் காமினோயாமாவைச் சேர்ந்த மகினோ என்ற கிராமத்தைப் பற்றியது. பற்றியது என்பதுகூடச் சரியில்லை. பன்னிரண்டு வருடத்துக்கு மேல் அங்கேயே குடியிருந்து, நெல் நட்டு, அறுத்து, அந்தச் சோற்றைத் தின்று எடுத்த படம்.

ஒகாவா முதலில் ஒரு படநிறுவனத்தில் வேலை பார்த்தவர். 1964இல் அதை விட்டு வெளியே வந்து, தன் கையை நம்பிப் படமெடுக்கத் தொடங்கினார். 1968இல் தன் குழுவோடு சான்ரிசுகாவுக்குப் போனார். டோக்கியோவுக்கான புதிய விமான நிலையத்தை அங்கே, நரிதாவை ஒட்டிக் கட்டப்போவதாக அரசு 1966இல் அறிவித்திருந்தது. நிலத்தைத் தரமாட்டோம் என்று விவசாயிகள் மறித்து நின்றார்கள். மாணவர்கள் வந்து சேர்ந்தார்கள், காவல்படை வந்தது, சுரங்கம் தோண்டி அதற்குள் இருந்தெல்லாம் போராடினார்கள். ஒகாவாவின் குழு போலீஸ் வரிசையின் பின்னால் நிற்காமல் விவசாயிகளின் பக்கத்தில் நின்று எடுத்தது. 1977 வரை அந்த மண்ணைப் பற்றி ஏழு படங்கள் வந்தன. பரந்தூர் விமான நிலையத்துக்கு எதிராக ஏகனாபுரத்து மக்கள் இரவுதோறும் கூடி உட்கார்ந்த செய்திகளைப் படிக்கும்போதெல்லாம் எனக்கு அந்தப் படங்களின் முகங்கள்தான் நினைவுக்கு வரும். விவசாயி கோபப்படும்போது குரலை உயர்த்துவதற்கு முன் ஒரு கணம் மண்ணைப் பார்ப்பான். இரண்டு ஊரிலும் அப்படித்தான்.

அந்த ஏழில் 1973இல் வந்த ‘ஹேத்தா புராக்கு’ என்னை அதிகம் இழுத்தது. அதில் கலவரம் குறைவு. ஹேத்தா என்கிற ஊர் மக்கள் கூடிப் பேசுகிறார்கள், வயதானவர்கள் பழைய கதை சொல்கிறார்கள், பேச்சு நிற்கிறது, மறுபடி தொடங்குகிறது. கேமரா அவசரப்படுவதில்லை. இத்தனை வருடம் இவர்கள் எதைக் காப்பாற்றுவதற்காக அடி வாங்குகிறார்கள் என்ற கேள்வி அந்தப் படத்தில்தான் ஒகாவாவுக்குள் முளைத்திருக்க வேண்டும். நிலம், நிலம் என்று கோஷமிடுவதைப் படம் பிடித்தாயிற்று. நிலம் என்றால் என்ன?

அதைத் தெரிந்துகொள்ளத்தான் மகினோவுக்குப் போனார்கள். அந்த ஊரில் மிச்சியோ கிமுரா என்று ஒரு விவசாயி இருந்தார். கவிஞரும்கூட. அவர்தான் எங்கள் ஊருக்கு வாருங்கள் என்று அழைத்தவர். எழுபதுகளின் நடுவில் குழு மொத்தமும் அங்கே குடிபோனது. டோக்கியோவில் வளர்ந்த இளைஞர்கள் சேற்றில் இறங்கி நாற்று நட்டார்கள். மண்ணை வெட்டிப் பார்த்தார்கள், தண்ணீரின் சூட்டை அளந்தார்கள், எல்லாவற்றையும் குறித்து வைத்தார்கள். ஊர்க்காரர்களிடம் திட்டு வாங்கிக் கற்றுக்கொண்டார்கள் என்றே நினைக்கிறேன். நடத் தெரியாதவனை எந்த ஊரில் திட்டாமல் விட்டிருக்கிறார்கள்?

நான் ஆவணப்படங்களுக்கு ஒலிப்பதிவு செய்கிறவன். ஒரு கிராமத்துக்குப் போனால் நாலு நாள், மிஞ்சிப்போனால் பத்து நாள். விடியற்காலை ஒலி வேண்டும் என்று இயக்குநர் சொன்னால் ஐந்து மணிக்கு மைக்கை நீட்டிக்கொண்டு நிற்பேன். சேவல், குழாயடிக் குடம், பால்காரரின் வண்டி. எல்லாம் கிடைத்துவிடும். பத்து நாளில் ஒரு ஊரின் ஒலி கிடைக்கும் என்று நம்பித்தான் இத்தனை காலம் பிழைத்திருக்கிறேன். மகினோ படத்தைப் பார்த்த பிறகு அந்த நம்பிக்கை பழையபடி இல்லை. பத்து நாளில் ஒரு நாற்று வேர் பிடித்துப் பச்சை திரும்பினாலே பெரிது.

ஒகாவா குழு மகினோவில் இருந்தபடியே பக்கத்து மலையில் இருக்கும் ஃபுருயாஷிகி என்ற சிற்றூரையும் எடுத்தது. 1982இல் வெளியானது. 1980ஆம் ஆண்டுக் கோடையில் வடகிழக்கு ஜப்பானில் வெயில் அடிக்கவே இல்லை, பயிர் குளிரில் அடிபட்டது. அந்த ஊரில் எந்த வயலில் எவ்வளவு சேதம், ஏன் என்று கேட்டுக்கொண்டு படம் தொடங்குகிறது. மலையின் மாதிரியைச் செய்து, குளிர்ந்த காற்று எந்தப் பள்ளத்தின் வழியாக இறங்கி எந்த வயலில் தேங்குகிறது என்று புகை விட்டுக் காட்டுகிறார்கள். பயிர் சூல் கட்டியிருக்கும் நேரத்தில் அந்தக் குளிர் பட்டால் மகரந்தம் செத்துவிடும். கதிர் வரும், நிமிர்ந்தே நிற்கும், உள்ளே ஒன்றும் இருக்காது. எங்கள் பக்கம் அதற்குக் கருக்காய் என்று பேர். பாரமில்லாத கதிர் தலை சாயாது.

இவ்வளவு நுணுக்கமாக நெல்லைச் சொல்லிவிட்டு, படம் அப்படியே அந்த ஊர் மனிதர்கள் பக்கம் திரும்புகிறது. சில வீடுகளே மிச்சமிருக்கும் ஊர். கரி மூட்டம் போடுகிறவர், பட்டுப்புழு வளர்த்தவர்கள், போருக்குப் போய்த் திரும்பியவர். குளிர் எப்படி ஒரு பள்ளத்தில் இறங்கித் தேங்கியதோ அப்படித்தான் போரும் அந்தச் சின்ன ஊருக்குள் இறங்கித் தேங்கியிருக்கிறது என்று பார்க்கிறவருக்குத் தானாகவே தெரிகிறது. யாரும் விளக்குவதில்லை. நெல்லைக் கவனித்த அதே பொறுமையோடு கிழவர்களையும் கவனிக்கிறார் ஒகாவா, அவ்வளவுதான்.

எங்களுக்கு ஒன்பது மா நிலம். மூன்று ஏக்கர். ஜூன் 12இல் மேட்டூர் திறந்தாலும் எங்கள் வாய்க்காலுக்குத் தண்ணீர் வந்து சேர நாள் ஆகும். பெரும்பாலும் ஒருபோகச் சம்பாதான், அதிலும் சி.ஆர். 1009. நூற்றைம்பது நாளைத் தாண்டும் நெல். ஆவணியில் நாற்றங்கால், புரட்டாசியில் நடவு, தையில் அறுப்பு. அறுப்புக்கு ஒரு வாரம் பத்து நாள் முன்பே, நிற்கிற கதிருக்கு நடுவே ஈரத்தில் உளுந்தைத் தெளித்துவிடுவார்கள். நெல்லை அறுத்து எடுத்தால் அடியில் உளுந்து முளைத்திருக்கும். அந்தக் காலக்கணக்கு எனக்கு இன்னும் மனப்பாடம். கணக்குதான் மனப்பாடம்.

கார்த்திகையில் ஒருநாள் அப்பா வயலுக்குள் இறங்கி, ஒரு தூரைப் பிரித்து, ஒரே ஒரு தண்டைப் பிடுங்குவார். கட்டைவிரல் நகத்தால் அடியிலிருந்து மேலாகக் கிழிப்பார். கண்ணுக்கு நேராகத் தூக்கி, வெளிச்சத்தில் பார்ப்பார். பிறகு வரப்பில் போட்டுவிடுவார். உள்ளே கதிர் உருவாகத் தொடங்கியிருக்கிறதா என்று பார்ப்பது அது. ஒரு மில்லிமீட்டர், இரண்டு மில்லிமீட்டர் இருக்கும், வெள்ளைப் பஞ்சின் நுனி போல. அது தென்பட்டால்தான் மேலுரம் போட வேண்டும். முந்தினாலும் வீண், பிந்தினாலும் வீண். அவரிடம் பூதக்கண்ணாடி இல்லை, படிப்பு ஐந்தாம் வகுப்பு. அந்த நகம் அவருக்குப் போதுமாக இருந்தது.

பிறகு மார்கழி. கோயில் மைக்கில் பாட்டு ஓய்ந்து, பனி காய்ந்து, வெயில் ஏறிய பிறகும் அப்பா சாப்பிட வரமாட்டார். அம்மா தூக்குவாளியில் பழையதும் மேலே ஒரு கிண்ணத்தில் சுண்டக்குழம்பும் வைத்துக் கொடுத்து அனுப்புவாள். விடுமுறை நாளென்றால் நான்தான் கொண்டுபோவேன். அவர் வரப்பில் குத்துக்காலிட்டு உட்கார்ந்திருப்பார். கையில் மண்வெட்டி இருக்காது. மடை வெட்டுவதில்லை, களை பிடுங்குவதில்லை. “வை” என்பார். நான் வைத்துவிட்டு ஓடிவிடுவேன். கிரிக்கெட் ஆடப் பையன்கள் காத்திருப்பார்கள். வருடத்தில் மற்ற நாளெல்லாம் ஓடிக்கொண்டே இருக்கிற மனுஷன் இந்தச் சில நாள் மட்டும் சும்மா உட்கார்ந்திருக்கிறாரே என்று தோன்றியிருக்கிறது. கேட்கத் தோன்றியதில்லை.

முதல் கேமராவை வாங்கியவுடன் ஊருக்குத்தான் கொண்டுபோனேன். மினி டிவி (MiniDV) நாடா போடுகிற சின்னக் கேமரா. அது ஒரு கார்த்திகை. மழை விட்டிருந்தது. ஊரைப் பற்றி ஒரு படம் எடுக்க வேண்டும் என்ற ஆசை அப்போது பெரிதாக இருந்தது. நாற்பத்தேழு நிமிடம் எடுத்தேன். அந்த நாடா இன்னும் இருக்கிறது, கணினியிலும் ஏற்றி வைத்திருக்கிறேன். கோபுரம், வாய்க்கால் தண்ணீரில் வெயில் உடைவது, ஆயாவின் முகச் சுருக்கம், சாயங்கால வானம், மறுபடி கோபுரம். ஊரை விட்டுப் போனவன் ஊர் எப்படி இருக்க வேண்டும் என்று நினைப்பானோ அதெல்லாம் அதில் இருக்கிறது.

அப்பா அதில் பதினோரு நொடி வருகிறார். சட்டத்தின் இடது ஓரத்தில் வயலுக்குள் இறங்குகிறார். குனிகிறார். ஒரு தண்டைப் பிடுங்குகிறார். நகம் அதன் மேல் படுகிறது. அந்த இடத்தில் வலப்பக்கத்திலிருந்து ஒரு கொக்கு எழும்பிப் பறக்க, என் கேமரா கொக்கின் பின்னால் போய்விடுகிறது. கொக்கு மரத்தில் உட்காரும் வரை விடாமல் தொடர்கிறேன். நன்றாகவே எடுத்திருக்கிறேன், கை ஆடவில்லை. சட்டத்துக்கு வெளியிலிருந்து அப்பாவின் குரல் மட்டும் கேட்கிறது: “இன்னும் நாலு நாள் போவட்டும்.”

ஒலி என் தொழில். அந்த ஒரு வரியை எத்தனை முறை கேட்டிருப்பேன் என்று கணக்கில்லை. தண்டு கிழிபடும் சத்தம்கூடக் காதை வைத்துக் கேட்டால் இருக்கிறது, ஈரமாக, மெல்லிசாக. என்ன பார்த்தார்? பஞ்சு நுனி தெரிந்ததா, தெரியவில்லையா? நாலு நாள் என்று எதை வைத்துச் சொன்னார்? கேமராவை அவர் கையின் மேலேயே வைத்திருந்தால், பிறகு அருகில் போய், அப்பா இது என்ன என்று கேட்டிருந்தால், அந்த நாடாவில் ஒரு விவசாயியின் முழு அறிவில் ஒரு விரற்கடையாவது மிஞ்சியிருக்கும். அவர் போய் எட்டு வருடம் ஆகிறது.

மகினோ படத்தின் கேமரா அந்த இடத்துக்குத்தான் போகிறது. கொக்கின் பின்னால் போகாமல் தண்டுக்குள் போகிறது. ஒளிப்பதிவாளர் மசாகி தமுரா பூவுக்காகக் காத்திருந்த நேரத்தை நினைத்துப் பார்க்கிறேன். ஒரு பூ ஒருமுறைதான் திறக்கும். ஒரு மணி நேரம், கூடப்போனால் இரண்டு. பிறகு மூடினால் மூடியதுதான், மறுபடி திறப்பதே இல்லை. ஒரு கதிர் முழுக்கப் பூத்து முடிய ஒரு வாரம் போல ஆகும். அந்த ஒரு வாரத்தைத் தவறவிட்டால் அடுத்த வருடம்தான். அப்படிக் காத்திருக்க அவர்களால் முடிந்தது, ஏனென்றால் அவர்கள் அங்கேயே குடியிருந்தார்கள். அது அவர்கள் நட்ட பயிர்.

கிராமத்தின் அமைதி என்று யாராவது எழுதினால் எனக்கு உடம்பு கூசும். எங்கள் வயலில் நட்டவர்கள் வாய்க்காலுக்கு அந்தப் பக்கத்துத் தெருவிலிருந்து வந்தவர்கள். காலை ஆறு மணிக்குக் குனிந்த இடுப்பு மதியம்தான் நிமிரும். குலவைச் சத்தம் கேட்க இனிமையாக இருந்தது. அந்தக் கை கால்களில் சேற்றுப்புண் இருந்தது. ஒகாவா சான்ரிசுகாவுக்குப் போன அதே 1968இல், டிசம்பர் 25 இரவு, எங்கள் பழைய தஞ்சை மாவட்டத்துக் கீழவெண்மணியில் 44 உயிர்களைக் குடிசையோடு எரித்தார்கள். கூலியாகக் கூடுதல் நெல் கேட்ட மக்கள் அவர்கள். வயலில் கதிர் நின்றிருந்த மார்கழி அது. ஆகவே ஊரின் எல்லாவற்றுக்கும் நான் ஏங்கவில்லை. ஏங்க முடியாது, ஏங்கவும் கூடாது.

மகினோவையும் அப்படியே பார்க்க வேண்டும். ஒகாவாவின் வீட்டில் சமைத்ததும் குழுவைக் கட்டிக் காத்ததும் பெண்கள். அவர்களுடைய உழைப்பும் மனக்குறையும் ஒகாவாவின் படங்களில் இல்லை. அதைப் பதிவு செய்ய பார்பரா ஹாமர் என்ற அமெரிக்கப் பெண் இயக்குநர் பிறகு வந்து, 2000இல் தனியாக ஒரு படம் எடுக்க வேண்டியிருந்தது. இது தெரிந்த பிறகும் நெல் பூக்கும் காட்சி எனக்குச் சிறுத்துப் போகவில்லை. ஆனால் அந்தக் காட்சியைப் பார்க்கும்போது, அன்று காலை அந்தக் கேமராக்காரருக்குச் சோறு வைத்தவர் யார் என்ற நினைப்பும் கூடவே வருகிறது. தூக்குவாளியைக் கட்டி அனுப்பிய அம்மாவை என் நாற்பத்தேழு நிமிடத்தில் தேடினேன். ஒரு நொடிகூட இல்லை.

மகினோ படத்தின் கடைசிப் பகுதிகளில் ஊர்க்காரர்களே நடிக்கிறார்கள். பழைய காலத்தில் வரிக் கொடுமையை எதிர்த்து அந்த ஊர் எழுந்த கதை. இன்றைய விவசாயி தன் ஊர் மூதாதையாக நின்று பேசுகிறார். கூடவே தொழில்முறை நடிகர்களும் இருக்கிறார்கள், ஆனால் ஊர்க்காரர்கள் வரும்போது வேறு யாரையும் பார்க்க மனம் வருவதில்லை. செத்தவர்களின் சொற்களைச் சொல்ல அவர்கள் கூச்சப்படவில்லை. அதே மண்ணில் நிற்பதால் அந்த உரிமை அவர்களுக்கு இருக்கிறது. எனக்கு அந்த உரிமை இல்லை என்று தோன்றியது. நான் அந்த நாடாவில் கேட்கும் வரியை, “இன்னும் நாலு நாள் போவட்டும்” என்று, என் வாயால் சொல்லிப் பார்த்தேன். எதையும் பார்க்காமல் சொல்வதால் அது வெறும் ஒலியாக விழுந்தது.

ஒகாவா 1992இல் இறந்தார். அதற்கு மூன்று வருடம் முன்பு, அவரும் சேர்ந்து உழைத்துத் தொடங்கிய யமகத்தா ஆவணப்பட விழா இன்றும் ஒன்றுவிட்ட வருடம் நடக்கிறது. மகினோவுக்குப் போக வேண்டும் என்று எனக்கு நெடுநாள் ஆசை. இப்போது அந்த ஆசை தணிந்துவிட்டது. அங்கே போய் என்ன செய்வேன்? நாலு நாள் தங்கி ஒலிப்பதிவு செய்வேன்.

ஒன்பது மாவும் இப்போது குத்தகையில் இருக்கிறது. எடுத்திருப்பவர் என்னைவிட இளையவர், நல்ல உழைப்பாளி. நாற்றங்கால் விடுவதில்லை, நேரடி விதைப்புதான். அறுப்புக்குப் பெல்ட் வண்டி வருகிறது, ஏக்கரை ஒன்றரை மணி நேரத்தில் முடித்துவிட்டு அடுத்த வயலுக்குப் போகிறது. வைக்கோலை உருளை உருளையாகக் கட்டி ஏற்றுகிறார்கள். இதில் எனக்குக் குறை ஒன்றும் இல்லை. இடுப்பு ஒடிந்த பெண்களின் பிள்ளைகள் இன்று திருப்பூரிலும் சென்னையிலும் வேலைக்குப் போகிறார்கள். அது நல்லது. அந்த இளைஞர் தண்டைக் கிழித்துப் பார்ப்பதுண்டா என்று மட்டும் ஒருமுறை கேட்டேன். விதைத்த தேதியை வைத்து நாள் கணக்குப் பார்த்துப் போடுவதாகச் சொன்னார்.

அம்மா ஊரில் தனியாகத்தான் இருக்கிறாள். படம் பார்த்த மறுநாள் காலை போன் செய்தேன். உடம்பு, மழை, பக்கத்து வீட்டுக் கல்யாணம் எல்லாம் பேசி முடித்த பிறகு, நெல் பூக்கிறதைப் பார்த்திருக்கிறாயா அம்மா என்று கேட்டேன்.

“பாக்காம என்ன. பனி காஞ்சு, ஒம்பது ஒம்பதரைக்கு மேல வாய தொறக்கும். வெயில் ஏறுனா மூடிக்கும். மூட்டமா இருந்தா கொஞ்சம் தாமசமா தொறக்கும்.”

எனக்கு ஏன் ஒருநாளும் காட்டவில்லை என்று கேட்க நினைத்து விட்டுவிட்டேன். வயலுக்குள் இறங்கி அருகில் போய்த்தானே பார்க்க முடியும் என்றேன்.

“அய்யோ, பூத்துருக்கையில உள்ள எறங்கக் கூடாது தம்பி. மேல பட்டா கொட்டிப்புடும், அப்பறம் மணி புடிக்காது. மருந்துகூட அந்நேரத்துக்கு அடிக்க விடமாட்டாரு ஒங்கப்பா. வரப்புலயே ஒக்காந்துகிட்டு ஆடு மாடு எறங்காம பாத்துகிட்டு இருப்பாரு. மூடுற வரைக்கும் எந்திரிக்க மாட்டாரு. அதுனாலதான ஒன்கிட்ட சோத்த குடுத்து வுடுவேன்.”

நான் ஒன்றும் பேசவில்லை. இணைப்பு அறுந்துவிட்டது என்று நினைத்து, அந்தப் பக்கம் அம்மா இரண்டு முறை ஹலோ ஹலோ என்றாள்.